பீட்டர் கேப்ரியலின் முதல் தனி ஆல்பம்: கேட்பதற்கு ஒரு முழுமையான வழிகாட்டி

ஒரு பேண்டின் முகமாக இருந்த பாடகர் அதை விட்டு வெளியே வந்து போடும் முதல் ஆல்பத்தை எப்படிக் கேட்பது என்று யாராவது கேட்டால், நான் எடுத்துக் கொடுப்பது, ஜெனசிஸ் என்ற ஆங்கில ராக் பேண்டை விட்டு வந்த பீட்டர் கேப்ரியல் 1977 பிப்ரவரியில் போட்ட ஆல்பத்தைத்தான். இதைவிடச் சீரான தனி ஆல்பங்கள் உண்டு. அவரே பிற்பாடு இதைவிடப் பெரிய வேலைகளைச் செய்திருக்கிறார். ஆனாலும், கூட்டத்தைப் பிரிந்த ஒரு குரல் தனக்கென்று ஒரு இடம் தேடுவது இவ்வளவு வெளிப்படையாகக் கேட்கும் இசைத்தட்டு எனக்கு வேறு கிடைத்ததில்லை.

ஒன்பது பாட்டு, நாற்பது நிமிடத்துக்குக் கொஞ்சம் மேல். ஒன்றுபோல் இன்னொன்று இருக்காது. முதல்முறை கேட்பவர்கள் பெரும்பாலும் 'சோல்ஸ்பரி ஹில்' பாட்டை மட்டும் எடுத்துக்கொண்டு மற்றதை விட்டுவிடுகிறார்கள். அந்த ஒட்டாத தன்மைதான் இந்த ஆல்பத்தின் உயிர் என்பது என் கட்சி. அதைப் பிடிக்க வேண்டுமானால் முன்னே கொஞ்சம், பின்னே கொஞ்சம் சேர்த்துக் கேட்க வேண்டும். அதற்கான வரிசை இது. ஒரே நாளில் முடிக்க வேண்டியதில்லை. ஒரு வாரத்துக்குப் பரப்பிக்கொண்டால் நல்லது.

படி 1: சரியான தட்டை எடுங்கள்

இதைச் சொல்ல வேண்டியிருக்கிறது. கேப்ரியல் தன் முதல் நான்கு தனி ஆல்பங்களுக்கும் ஒரே பெயர்தான் வைத்தார்: 'பீட்டர் கேப்ரியல்'. ஒரு பத்திரிகையின் அடுத்தடுத்த இதழ்களைப்போல அவை இருக்கட்டும் என்பது அவர் எண்ணம். ரசிகர்கள் அட்டைப்படத்தை வைத்து அடையாளம் சொல்வார்கள். 1977இல் வந்தது 'கார்', 1978இல் வந்தது 'ஸ்க்ராட்ச்', 1980இல் வந்தது 'மெல்ட்'. 1982இல் வந்ததற்கு அமெரிக்காவிலும் கனடாவிலும் மட்டும் 'செக்யூரிட்டி' என்று பெயர் ஒட்டினார்கள்.

நமக்கு வேண்டியது கார். நீல நிறம், மழையில் நனைந்த ஒரு காரின் முன்பக்கம், கண்ணாடிக்குப் பின்னால் மங்கலாக ஒரு முகம். ஹிப்னோசிஸ் வடிவமைப்பு நிறுவனத்தின் வேலை அது. கார், அந்த நிறுவனத்தின் ஸ்டார்ம் தார்கர்சனுக்குச் சொந்தமான லான்சியா. கருப்பு வெள்ளைப் படத்துக்குக் கையால் நிறமூட்டியிருக்கிறார்கள். அதற்கு முந்தைய ஆண்டுகளில் மேடையில் நரித்தலையும் பூத்தலையும் மாட்டிக்கொண்டு நின்ற மனிதர், தன் சொந்தப் பெயரில் வரும் முதல் அட்டையில் முகத்தைப் பாதி மறைத்துக்கொண்டு காருக்குள் உட்கார்ந்திருக்கிறார். கேட்கத் தொடங்கும் முன் இந்தப் படத்தை ஒரு நிமிடம் பார்த்துவையுங்கள்.

படி 2: விட்டுவந்த வீட்டைப் பாருங்கள்

ஜெனசிஸ் என்ற பேண்ட், இங்கிலாந்தில் சார்ட்டர்ஹவுஸ் பள்ளியில் படித்த பையன்கள் 1967 வாக்கில் சேர்ந்து தொடங்கியது. கேப்ரியல், டோனி பேங்க்ஸ், மைக் ரதர்ஃபோர்ட் மூவரும் அந்தப் பள்ளித் தோழர்கள். டிரம்ஸுக்கு ஃபில் காலின்ஸ் 1970இல் வந்தார். கிட்டாருக்கு ஸ்டீவ் ஹேக்கட் 1971இல் வந்தார். 1972இல் டப்ளின் நகரில் ஒரு நிகழ்ச்சியின்போது, பேண்டில் யாரிடமும் சொல்லாமல், மனைவியின் சிவப்பு உடையும் நரித்தலை முகமூடியும் அணிந்து கேப்ரியல் மேடையேறினார். அன்றிலிருந்து பத்திரிகைகளின் கண் அவர்மேல். ஐந்து பேரும் சேர்ந்து இசையமைத்தாலும் வெளியே தெரிந்தது ஒரு முகம்தான். உரசல் தொடங்கியது அங்கே.

நீங்கள் கேட்க வேண்டியது 1974 நவம்பரில் வந்த 'த லேம்ப் லைஸ் டவுன் ஆன் பிராட்வே'. இரட்டைத் தட்டு, ஒன்றரை மணி நேரம். ரேயெல் என்ற பியூர்ட்டோ ரிக்கோ வம்சாவளி இளைஞன் ஒருவன் நியூயார்க் தெருவிலிருந்து ஒரு பாதாள உலகத்துக்குள் போகும் கதை. கதையையும் பாடல் வரிகளையும் தானே எழுத வேண்டும் என்று கேப்ரியல் பிடிவாதமாக நின்றார். மற்றவர்கள் ஹெட்லி கிரேஞ்ச் என்ற பழைய வீட்டில் ஓர் அறையில் இசையமைக்க, அவர் இன்னோர் அறையில் வரி எழுதினார். நடுவில், 'எக்சார்சிஸ்ட்' எடுத்த வில்லியம் ஃப்ரீட்கின் கதை எழுதக் கூப்பிட்டார் என்று கொஞ்ச நாள் விலகியும் போனார். அதே ஆண்டு ஜூலையில் அவருக்குப் பெண் குழந்தை பிறந்தது. பிறந்தபோதே உயிருக்குப் போராடும் நிலை. வேல்ஸில் ஒலிப்பதிவு, லண்டனில் மருத்துவமனை என்று அவர் அலைந்துகொண்டிருக்க, பேண்ட் வேலையை நிறுத்தவில்லை. அந்தக் காயம் ஆறவில்லை என்று இரு தரப்புமே பிற்பாடு ஒப்புக்கொண்டிருக்கிறார்கள்.

முழு ஆல்பத்துக்கு நேரமில்லை என்றால் மூன்று பாட்டு போதும்: 'இன் த கேஜ்', 'பேக் இன் என்.ஒய்.சி.', 'கார்ப்பெட் கிராலர்ஸ்'. முதல் இரண்டிலும் கீபோர்டு எவ்வளவு இடத்தை அடைத்துக்கொண்டு நிற்கிறது என்று கவனியுங்கள். குரல் அதன் இண்டு இடுக்குகளுக்குள் புகுந்து வரவேண்டியிருக்கிறது. 'பேக் இன் என்.ஒய்.சி.'யில் அவர் பாடவில்லை, கத்துகிறார். ஆங்கிலப் பள்ளிக்கூடத்துப் பையனின் நாகரிகக் குரல் அங்கே கிழிகிறது. இந்த ஒரு பாட்டைத் தன் முதல் தனிச் சுற்றுப்பயணத்திலும் அவர் எடுத்துச்சென்றார். பழைய வீட்டிலிருந்து எதைத் தூக்கிக்கொண்டு போனார் என்பதற்கு அதுவே சாட்சி.

'லேம்ப்' சுற்றுப்பயணம் தொடங்கிய சில நாட்களிலேயே, கிளீவ்லேண்ட் நகரில், தான் போகப்போவதாக மற்றவர்களிடம் சொல்லிவிட்டார். ஆனாலும் 1975 மே வரை, நூறு நிகழ்ச்சிகளுக்குமேல், வெளியில் ஒரு வார்த்தை விடாமல் பாடி முடித்தார். ஆகஸ்டில்தான் செய்தி வெளியானது.

படி 3: நடுவில் இருந்த வெறுமையைத் தாண்டிப் போகாதீர்கள்

பத்திரிகைகளுக்கு அவர் ஒரு நீண்ட கடிதம் எழுதினார். எங்கள் பாட்டுக்காக நாங்கள் கட்டிய வண்டி எங்களுக்கே எஜமானாகிவிட்டது என்பது அதன் சாரம். பிறகு வீடு, குழந்தை, தோட்டம், பியானோப் பயிற்சி. மார்ட்டின் ஹால் என்ற கவிஞருடன் சேர்ந்து சில பாட்டுகள் எழுதிப் பார்த்தார். 1976இல் ஒரு படத்துக்காக 'ஸ்ட்ராபெரி ஃபீல்ட்ஸ் ஃபாரெவர்' பாடினார். கிட்டத்தட்ட ஒன்றரை ஆண்டு இப்படியே போனது.

இந்தக் காலத்தில் ஜெனசிஸ் என்ன ஆனது என்பதுதான் முக்கியம். பாடகர் போனால் பேண்ட் முடிந்தது என்று எல்லோரும் எழுதினார்கள். அவர்கள் வேறு பாடகர் தேடினார்கள், ஒருவரும் ஒத்துவரவில்லை. டிரம்ஸ் வாசித்த காலின்ஸே பாட வந்தார். 1976 பிப்ரவரியில் 'எ ட்ரிக் ஆஃப் த டெய்ல்' வந்தது. 'லேம்ப்' பிரிட்டனில் பத்தாம் இடம்வரை போயிருந்தது. இது மூன்றாம் இடத்துக்குப் போனது. அதிலிருந்து 'ரிப்பிள்ஸ்' என்ற பாட்டைக் கேளுங்கள். எவ்வளவு அழகான, பதற்றமே இல்லாத பாட்டு! தான் இல்லாமலேயே வீடு நன்றாக நடக்கிறது என்று தெரிந்துகொண்டு தனிக்குடித்தனம் போடும் மனிதனின் மனநிலையில்தான் கேப்ரியல் ஸ்டுடியோவுக்குள் போகிறார். இதை மனதில் வைத்துக்கொண்டால் முதல் ஆல்பத்தின் பதற்றம் புரியும்.

படி 4: ஸ்டுடியோவில் யார் யார் இருந்தார்கள்

தயாரிப்பாளர் பாப் எஸ்ரின், கனடாக்காரர். ஆலிஸ் கூப்பர் ஆல்பங்கள், லூ ரீடின் 'பெர்லின்', கிஸ் பேண்டின் 'டிஸ்ட்ராயர்' எல்லாம் அவர் கைவேலை. 1979இல் பிங்க் ஃபிளாய்டின் 'த வால்' ஆல்பத்திலும் இருப்பார். எதையும் பெரிதாக, நாடகமாக, ஆர்க்கெஸ்ட்ரா வைத்துச் செய்பவர். ஒலிப்பதிவு டொரான்டோவில், 1976இன் பிற்பகுதியில் தொடங்கியது.

வாசித்தவர்களில் பலர் எஸ்ரினின் ஆட்கள். கிட்டாருக்கு ஸ்டீவ் ஹன்ட்டர், டிக் வாக்னர் என்ற அமெரிக்க இணை; லூ ரீடுக்கும் ஆலிஸ் கூப்பருக்கும் வாசித்தவர்கள். டிரம்ஸ் ஆலன் ஷ்வார்ட்ஸ்பெர்க். பேஸ் கிட்டார் டோனி லெவின். கேப்ரியல் தன் பக்கத்திலிருந்து அழைத்துவந்தவர் ராபர்ட் ஃப்ரிப். கிங் கிரிம்சன் பேண்டை 1974இல் கலைத்துவிட்டு ஒதுங்கியிருந்த கிட்டார் கலைஞர். சின்தசைசருக்கு லாரி ஃபாஸ்ட்.

இப்போது அந்த அறையை நினைத்துப் பாருங்கள். பத்து வருடமாகப் பள்ளித் தோழர்களோடு மட்டுமே, அவர்களுக்கு மட்டுமே புரியும் பாஷையில் இசை பேசிவந்த ஒரு கூச்ச சுபாவி. சுற்றிலும் எந்தப் பாட்டைக் கொடுத்தாலும் நோட்டைப் பார்த்து உடனே வாசித்துவிடும் நியூயார்க் கைகள். மூலையில் ஒரு ஸ்டூலில் ஃப்ரிப். இந்த ஆல்பத்தின் ஒவ்வொரு பாட்டிலும் இந்த மூன்று சக்திகளில் ஏதோ ஒன்று ஓங்கி நிற்கிறது. எது என்று கண்டுபிடிப்பதுதான் அடுத்த படி.

இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். லெவினும் ஃப்ரிப்பும் 1981இல் மறுபிறவி எடுத்த கிங் கிரிம்சனில் ஒன்றாக வாசிப்பார்கள். லெவின் அன்று தொடங்கி அரை நூற்றாண்டாக கேப்ரியலின் பேஸ் கலைஞர். பழைய பேண்டை விட்டு வந்தவர் தனக்குத் தெரியாமலேயே புதிய குடும்பம் ஒன்றின் முதல் ஆளை அந்த அறையில் சந்தித்துவிட்டார்.

படி 5: முதல் சுற்று, இரண்டு அமர்வாக

தட்டின் இரண்டு பக்கங்களையும் தனித்தனியாகக் கேளுங்கள். முதல் பக்கம் ஐந்து பாட்டு, இரண்டாம் பக்கம் நான்கு. ஹெட்ஃபோன் நல்லது. பாட்டு மாறும்போது தாவாதீர்கள்.

தொடக்கம் 'மோரிபண்ட் த பர்கர்மாய்ஸ்டர்'. இடைக்கால ஊர் ஒன்றில் மக்களுக்கு ஆட்டநோய் பிடித்துக்கொள்கிறது. நகரத் தலைவர் பதறுகிறார். பாத்திரத்துக்குப் பாத்திரம் குரலை மாற்றிப் பாடுகிறார் கேப்ரியல். இது முழுக்க ஜெனசிஸ் பழக்கம். முகமூடியைக் கழற்றிவிட்டு வந்தவர், முதல் பாட்டிலேயே முகமூடிக் குரலோடுதான் வருகிறார். ஆனால் அடியில் ஓடும் எலெக்ட்ரானிக் தாளத்தைக் கேளுங்கள். அது ஜெனசிஸில் இருந்ததில்லை. மூன்று ஆண்டு கழித்து வரப்போவதன் விதை அது.

இரண்டாவது 'சோல்ஸ்பரி ஹில்'. இதற்குத் தனிப் படி இருக்கிறது.

மூன்றாவது 'மாடர்ன் லவ்', நேரடியான, முரட்டு ராக். தேடும்போது கவனம், இதே பெயரில் டேவிட் போவிக்கு 1983இல் ஒரு பெரிய வெற்றிப் பாட்டு உண்டு, இரண்டுக்கும் சம்பந்தமில்லை. இங்கே ஹன்ட்டர், வாக்னர், எஸ்ரின் ஆகியோரின் கைதான் ஓங்கி நிற்கிறது. கேப்ரியல் அதில் ஏறிச் சவாரி செய்கிறார், சுகமாகத்தான் இருக்கிறது. ஆனால் அவர் வேறு யாராகவோ இருந்து பார்க்கிறார் என்பது எனக்கு ஒவ்வொரு முறையும் தோன்றும்.

'எக்ஸ்க்யூஸ் மீ' கேட்கும்போது முகம் மலராமல் இருக்காது. நான்கு ஆண்குரல்கள் வாத்தியமில்லாமல் பாடும் பழைய அமெரிக்க பார்பர்ஷாப் பாணியில் தொடங்குகிறது. அந்த நால்வர் குழுவை நடத்தியவரும் டியூபா வாசித்தவரும் பேஸ் கலைஞர் லெவின்தான். தனியாக விட்டுவிடுங்கள் என்று கேட்கும் பாட்டு. மார்ட்டின் ஹாலுடன் சேர்ந்து எழுதியது. ஜெனசிஸில் இப்படி ஒன்றைக் கொண்டுபோயிருந்தால் நடுவில் எட்டு நிமிடம் கீபோர்டு சேர்ந்திருக்கும்.

பக்கத்தின் கடைசி 'ஹம்ட்ரம்'. அவசரப்பட்டு விட்டுவிடாதீர்கள். மூன்றரை நிமிடம்கூட இல்லை. மெல்லிய கீபோர்டில், ஏறக்குறைய முணுமுணுப்பில் தொடங்கி, லத்தீன் சாயலுக்குப் போய், கடைசியில் அகலமாக விரிகிறது. பிற்காலத்தில் அவரை நாம் நேசிக்கக் காரணமான அந்த அந்தரங்கக் குரல் முதலில் கேட்பது இங்கேதான். யாருடைய குரலிலும் அவர் ஒளிந்துகொள்ளவில்லை. என்னைக் கேட்டால் ஆல்பத்தில் அதிகம் கவனிக்கப்படாத நல்ல பாட்டு இதுதான்.

இரண்டாம் பக்கம் கொஞ்சம் சிரமம். 'ஸ்லோபர்ன்' கிட்டார் பளபளப்பு. 'வெயிட்டிங் ஃபார் த பிக் ஒன்' ஏழு நிமிட மந்தகதி ப்ளூஸ். குடித்துவிட்டு நள்ளிரவு மதுக்கடையில் உட்கார்ந்திருக்கும் ஆளின் குரல். பாத்திரமாக நன்றாகச் செய்கிறார், நீளம்தான் தாங்கவில்லை. 'டவுன் த டோல்ச்சே வீட்டா'வில் லண்டன் சிம்பொனி ஆர்க்கெஸ்ட்ரா முழங்கும், அடியில் டிஸ்கோ நெருங்கிய தாளம் ஓடும். எஸ்ரினின் கை இங்கே உச்சத்தில். ஒரு கப்பல் கிளம்பும் கதை அது. மோசோ என்ற ஒரு பாத்திரத்தை வைத்து கேப்ரியல் நெடுநாள் மனதில் கட்டிவைத்திருந்த, முழுமையாக வெளியே வராமலே போன கதையின் துண்டு. கப்பல் போன திசையில் கடைசிப் பாட்டு 'ஹியர் கம்ஸ் த ஃப்ளட்' வந்து நிற்கிறது.

படி 6: 'சோல்ஸ்பரி ஹில்', நடந்துகொண்டே

பாத் நகரத்துக்குப் பக்கத்தில், பாத்தீஸ்டன் கிராமத்துக்கு மேலே உள்ள சிறிய குன்று அது. உச்சி தட்டையாக இருக்கும். இரும்புக் காலத்துக் கோட்டை இருந்த இடம். கேப்ரியல் அப்போது அந்தப் பக்கத்தில்தான் குடியிருந்தார். பாட்டில் ஒருவன் இரவில் அந்தக் குன்றின்மேல் நின்று கீழே நகர வெளிச்சத்தைப் பார்க்கிறான். இருளிலிருந்து ஒரு கழுகு வருகிறது, ஒரு குரல் அவனை வீட்டுக்கு அழைக்கிறது. பிறகு, தான் பழகிப்போன இயந்திரத்திலிருந்து கழன்று வரத் தீர்மானிக்கிறான். ஜெனசிஸை விட்டு வந்ததைப் பற்றியதுதான் இது. யார்மீதும் குற்றச்சாட்டு இல்லை, பழிவாங்கல் இல்லை. கையில் இருப்பதை இழக்கத் துணிந்தவனின் நெஞ்சுப் படபடப்பு மட்டும் இருக்கிறது. பேண்டை விட்டு வந்த பாடகர்கள் எழுதிய பாட்டுகளில் இந்தக் கண்ணியம் அபூர்வம்.

இப்போது தாளம். பெரும்பாலான ராக் பாட்டுகள் நான்கு நான்காக எண்ணப்படுபவை, இது ஏழு. நமக்கு ஏழு புதிதில்லை, மிஸ்ர சாபு கேட்டு வளர்ந்த காதுகள். ஆனால் மிஸ்ர சாபுவில் மூன்றும் நான்கும் தெளிவாகப் பிரிந்து நொண்டும். இங்கே அடி ஒவ்வொன்றும் சமமாக, பெரிய டிரம்மில் இதயத்துடிப்புபோல விழுந்துகொண்டே இருக்கும். அதனால் ஏழு என்றே முதலில் தெரியாது.

இதைச் செய்து பாருங்கள். பாட்டைக் காதில் போட்டுக்கொண்டு, அடிக்கு ஒரு காலடியாக நடங்கள். இயல்பான நடை வேகம்தான். ஏழு ஒற்றைப்படை என்பதால் ஒரு சுற்று இடதுகாலில் தொடங்கினால் அடுத்த சுற்று வலதுகாலில் தொடங்கும். உடம்பு ஒவ்வொரு முறையும் லேசாகத் திகைக்கும். எட்டாவது அடியை எதிர்பார்த்த கால், அது வராமல் புதிய சுற்றுக்குள் விழும். குன்றேறும்போது மூச்சு வாங்குவதற்கு முன்பே அடுத்த அடி வைக்க வேண்டியிருப்பதை அப்படியே தாளமாக்கியிருக்கிறார். சரணத்தின் முடிவில், அந்த வீட்டுக்கு அழைக்கும் வரிக்கு வரும்போது மட்டும், தாளம் நான்குக்கு மாறி ஒரு கணம் சமநிலத்தில் நிற்கும். திரும்ப ஏழு. அந்த இடத்தைக் காலால் கண்டுபிடித்துவிட்டீர்களானால் இந்தப் பாட்டு உங்களுடையது.

அடுத்த சுற்றில் வாத்தியங்களை மட்டும் கேளுங்கள். ஆரம்பத்தில் ஹன்ட்டரின் அக்கூஸ்டிக் கிட்டார் மட்டும், கட்டைவிரலும் மற்ற விரல்களும் தனித்தனி வேலை செய்யும் மீட்டல். அதன்மேல் ஒவ்வொன்றாகச் சேர்கிறது. உரத்த எலெக்ட்ரிக் கிட்டாரைக் கடைசிவரை உள்ளே விடவில்லை. பாட்டு முடியப்போகும்போதுதான் அது வெடித்து வருகிறது, கேப்ரியலும் வார்த்தையை விட்டுவிட்டுக் கத்துகிறார். அடுக்கிக்கொண்டே போகும் எஸ்ரின், இந்த ஒரு பாட்டில் எவ்வளவு பொறுமையாக இருந்திருக்கிறார் என்று நினைத்தால் அவர்மேல் மரியாதை வருகிறது. பிரிட்டனில் இது 13ஆம் இடம்வரை போனது, ஆல்பம் ஏழாம் இடம்வரை.

படி 7: ஒரே வெள்ளம், மூன்று முறை

இந்த வழிகாட்டியில் ஒரு படியை மட்டும்தான் செய்ய முடியும் என்றால் இதைச் செய்யுங்கள்.

'ஹியர் கம்ஸ் த ஃப்ளட்' பிறந்த விதம் அழகானது. சிற்றலை வானொலியில் கேப்ரியலுக்குப் பைத்தியம். பொழுது சாயச்சாயத் தூரத்து நிலையங்கள் தெளிவாகிக்கொண்டே வருவதைக் கவனித்தார். இரவில் சிற்றலை கேட்டுப் பழகியவர்கள் வீட்டில் பெரியவர்கள் யாராவது இருந்தால் கேட்டுப்பாருங்கள், அந்தச் சுகம் சொல்வார்கள். மனித மனங்களுக்கும் அப்படி ஒரு இரவு வந்து, ஒருவர் நினைப்பது எல்லோருக்கும் கேட்கத் தொடங்கினால் என்ன ஆகும் என்று யோசித்தார். எதையும் ஒளிக்காமல் வாழ்ந்தவர்கள் தப்பிப்பார்கள், மற்றவர்கள் மூழ்குவார்கள். வெள்ளம் என்பது அந்த எண்ணங்களின் வெள்ளம்.

முதலில் 1977 பதிவு. அமைதியாகத் தொடங்குகிறது. பல்லவி வந்ததும் டிரம்ஸ், ஆர்க்கெஸ்ட்ரா, பின்னணிக் குரல்கள் எல்லாம் ஒன்றாக எழுந்து அடிக்கின்றன. பிறகு டிக் வாக்னரின் நீண்ட கிட்டார் சோலோ. ஆல்பத்தைப் பிரமாண்டமாக முடிக்க வேண்டும் என்ற ஆசை தெரிகிறது. முதல்முறை சிலிர்க்கவும் செய்யும்.

ஃப்ரிப்புக்கு இது பிடிக்கவில்லை. பாட்டு தயாரிப்பில் மூழ்கிவிட்டது என்று நினைத்தார். பிற்பாடு கேப்ரியலுக்கும் அதே எண்ணம்தான். ஃப்ரிப் 1979இல் வெளியிட்ட 'எக்ஸ்போஷர்' என்ற தன் ஆல்பத்தில் கேப்ரியலையே திரும்பப் பாடவைத்தார். இரண்டாவதாக அதைக் கேளுங்கள். பியானோ, குரல், பின்னால் ஃப்ரிப்பின் கிட்டார் டேப்பில் சுழன்று சுழன்று உண்டாக்கும் மெல்லிய மூட்டம். அவ்வளவுதான். அதே மெட்டு, அதே வரி. ஆனால் முதல் பதிவில் வெள்ளத்தை வெளியே நின்று பார்த்தோம்; இங்கே தண்ணீர் கழுத்துவரை வந்துவிட்டது.

மூன்றாவதாக, 1990இல் வந்த 'ஷேக்கிங் த ட்ரீ' தொகுப்பில் அவர் புதிதாகப் பாடிச் சேர்த்த பதிவு. நாற்பது வயதுக் குரல். முன்பு உச்சத்தில் கத்திய இடத்தை இப்போது தாழ்ந்த குரலில் சொல்லிவிட்டுப் போகிறார்.

மூன்றையும் அடுத்தடுத்துக் கேட்டுவிட்டு 1977 பதிவுக்குத் திரும்புங்கள். அதைக் குறைவாக நினைக்க வேண்டும் என்பதற்காகச் சொல்லவில்லை. ஐந்து பேர் சேர்ந்து எழுப்பிய ஒலிச்சுவருக்குள் பாடிப் பழகியவருக்கு, தன் குரலும் ஒரு பியானோவும் மட்டும் போதும் என்று நம்பும் தைரியம் அந்த முதல் ஆண்டில் வந்திருக்கவில்லை. பேண்டின் இடத்தில் ஆர்க்கெஸ்ட்ராவை வைத்துக்கொண்டார். அந்தப் பயம் இந்தப் பதிவில் அப்படியே பதிந்திருக்கிறது. எனக்கு அதனாலேயே இதுவும் பிடிக்கும்.

படி 8: அடுத்த இரண்டு ஆல்பங்களில் பதில் தேடுங்கள்

1977 மார்ச்சில் அமெரிக்காவில் சுற்றுப்பயணம் தொடங்கியது. ஃப்ரிப் உடன் போனார், ஆனால் டஸ்டி ரோட்ஸ் என்ற பொய்ப் பெயரில், மேடையில் கண்ணுக்குத் தெரியாத ஓரத்தில் உட்கார்ந்து வாசித்தார். கேப்ரியல் முகமூடிகளை விட்டுவிட்டுச் சாதாரண உடையில் பாடினார்.

1978இல் வந்த இரண்டாவது ஆல்பத்துக்கு ஃப்ரிப்தான் தயாரிப்பாளர். எஸ்ரின் சேர்த்ததையெல்லாம் அவர் உரித்தார். கொஞ்சம் வறண்ட ஆல்பம். 'மதர் ஆஃப் வயலன்ஸ்' ஒன்றைக் கேட்டால் போதும்.

1980இல் வந்த மூன்றாவதை முழுமையாகக் கேளுங்கள். தயாரிப்பாளர் ஸ்டீவ் லில்லிவைட், ஒலிப்பதிவாளர் ஹியூ பேட்ஜம். டிரம்ஸ் வாசிப்பவர்கள் சிம்பல் என்ற உலோகத் தட்டைத் தொடக்கூடாது என்று கேப்ரியல் விதி போட்டார். 'இன்ட்ரூடர்' பாட்டின் தொடக்கத்தில் கேட்கும், பெரிதாக எழும்பிச் சட்டென்று அறுந்துவிழும் டிரம்ஸ் ஒலி அந்த ஸ்டுடியோவில் பிறந்தது. வாசித்தவர் யார் தெரியுமா? ஃபில் காலின்ஸ். விட்டுவந்த பேண்டில் தன் இடத்துக்குப் பாடகராக வந்தவரையே அழைத்து வாசிக்கவைத்தார். காலின்ஸ் அதே ஒலியை 1981இல் 'இன் த ஏர் டுநைட்' பாட்டில் உலகம் முழுக்கக் கொண்டுபோனார். அமெரிக்காவில் அட்லாண்டிக் என்ற இசைத்தட்டு நிறுவனம் இந்த ஆல்பத்தை விற்காது என்று ஒதுக்கியது. மெர்குரி எடுத்து வெளியிட்டது. கடைசிப் பாட்டு 'பீகோ', 1977 செப்டம்பரில் தென்னாப்பிரிக்காவில் காவலில் உயிர்விட்ட நிறவெறி எதிர்ப்புப் போராளி ஸ்டீவ் பீகோவைப் பற்றியது. 'மோரிபண்ட்' பாட்டின் முகமூடிக் குரலிலிருந்து 'பீகோ'வின் நேரடிக் குரலுக்கு வர மூன்று ஆண்டு. இரண்டையும் ஒன்றன்பின் ஒன்றாகக் கேட்டால் அந்தத் தூரம் புரியும்.

படி 9: விரும்பினால், இன்னும் கொஞ்சம் முன்னே

1982 ஜூலையில் ஷெப்டன் மாலெட் என்ற ஊரில் கேப்ரியலும் நண்பர்களும் வோமாட் என்ற உலக இசைவிழாவை முதல்முறை நடத்தினார்கள். பெருநஷ்டம், கடன்காரர்களிடமிருந்து கொலைமிரட்டல்வரை வந்தது. கைகொடுத்தது ஜெனசிஸ். அக்டோபர் 2ஆம் தேதி மில்டன் கீன்ஸ் மைதானத்தில், கொட்டும் மழையில், கடனடைக்க ஒரே ஒரு இரவு எல்லோரும் சேர்ந்து வாசித்தார்கள். கேப்ரியலை ஒரு சவப்பெட்டியில் வைத்து மேடைக்குத் தூக்கிவந்தார்கள். முடிவில் ஹேக்கட்டும் வந்து சேர்ந்துகொண்டார்.

வோமாட் திறந்த கதவு வழியாக வந்த இசையில் நம் பக்கத்து ஒலியும் உண்டு. ஒரு படத்துக்கான இசையாகத் தொடங்கி 1989இல் 'பேஷன்' என்ற ஆல்பமாக வந்ததில், பாகிஸ்தானின் கவாலிப் பாடகர் நுஸ்ரத் ஃபதே அலி கானுடன் எல். சங்கரின் வயலினைக் கேட்கலாம். சங்கர் சென்னையில் பிறந்து யாழ்ப்பாணத்தில் வளர்ந்தவர், வி. லட்சுமிநாராயணாவின் மகன், தமிழ்ப் படங்களுக்கு இசையமைத்த எல். வைத்தியநாதனின் தம்பி. இரண்டு கழுத்துகளும் பத்துத் தந்திகளும் கொண்ட இரட்டை வயலின் அவருடையது. ஜெனசிஸ் காலத்தில் கீபோர்டு அடைத்துக்கொண்டிருந்த இடத்தில் இப்போது கர்நாடக கமகம் ஊர்வதைக் கேட்கும்போது எனக்கு உண்மையிலேயே பெருமையாக இருக்கிறது.

இதே வரிசையை மற்றப் பாடகர்களுக்கும் பயன்படுத்தலாம்: பேண்டின் கடைசி ஆல்பம், நடுவில் நடந்தது, ஸ்டுடியோவில் இருந்த புதிய ஆட்கள், பிறகு பாட்டுகள். போலீஸ் பேண்டின் பாடகர் ஸ்டிங்கின் 1985 ஆல்பத்துக்கு பிரான்ஃபோர்ட் மார்சலிஸ் முதலான ஜாஸ் கலைஞர்களிலிருந்து தொடங்குங்கள். பிளாக் சாபத் பாடகர் ஆஸி ஆஸ்பர்னின் 1980 ஆல்பத்துக்கு ராண்டி ரோட்ஸின் கிட்டாரிலிருந்து. லெட் செப்பலின் பாடகர் ராபர்ட் பிளான்ட்டின் 1982 ஆல்பத்தில் டிரம்ஸ் வாசித்தவர்களில் ஒருவர் யார் என்று பாருங்கள்: அங்கேயும் ஃபில் காலின்ஸ்தான்.